பொறுப்பற்றவர் யார்?

மூன்றாமாண்டு மாணவன், பொருளாதாரத் துறை

“கையில் காசு வந்தால் அன்றைக்கே தீர்த்துவிடுவார்கள், நாளையைப் பற்றிய நினைவே கிடையாது.” போடிநாயக்கனூரின் கூலித் தெருக்களைப் பற்றி இப்படிப் பேசாத கடைத் திண்ணை இல்லை. படித்தவர்களும் இதையே சற்று நாகரிகமாகச் சொல்கிறார்கள். அமெரிக்க மானிடவியல் அறிஞர் ஆஸ்கார் லூயிஸ், மெக்சிகோ ஏழைக் குடும்பங்களை ஆராய்ந்து, வறுமைக்கென்றே ஒரு பண்பாடு உண்டு, அது பெற்றோரிடமிருந்து பிள்ளைகளுக்கு இறங்குகிறது என்று 1959-இல் எழுதினார். அத்தகைய ஒரு தெருவிலேயே பிறந்து வளர்ந்தவன் என்ற உரிமையில் நானும் சில வார்த்தைகள் சொல்ல விரும்புகிறேன்.

எங்கள் தெருவில் விடியற்காலை நான்கு மணிக்கு அடுப்பு எரியும். ஐந்து மணிக்குள் தூக்குவாளியில் சோற்றோடு பெண்கள் ஜீப்புக்கு நிற்பார்கள். முந்தலைத் தாண்டி, 17 கொண்டை ஊசி வளைவுகள் ஏறி, போடிமெட்டுக்கு அப்பால் கேரளத்து ஏலத் தோட்டங்களில் காய் எடுத்துவிட்டு, இருட்டும் நேரத்தில் திரும்புவார்கள். அளவுக்கு மீறி ஆளேற்றிய ஜீப் கவிழ்ந்தது என்ற செய்தி அடிக்கடி நாளிதழில் வரும். மறுநாள் அதே நேரத்தில் அடுத்த ஜீப் நிற்கும். இவர்களைச் சோம்பேறிகள் என்பவர், ஒரே ஒரு நாள் அந்த மழையில் குனிந்து, செடியின் தூரில் கிடக்கும் சரத்திலிருந்து முற்றிய காயை மட்டும் பார்த்துப் பார்த்து எடுக்கட்டும்.

உழைக்கிறார்கள், சரி, சேமிக்கவில்லையே என்பார்கள். யார் சொன்னது? ஏலக்காய், ஏலம், ஏலச்சீட்டு என்று எங்கள் ஊரில் மூன்று உண்டு. முதலிரண்டும் முதலாளிகளுடையவை, மூன்றாவது எங்களுடையது. அடுப்பு எரியாத நாள் வந்தாலும் சீட்டுப் பணம் தவறாது. “கடன் வாங்கிக் காதுகுத்து நடத்திக் கறிச்சோறு போடுகிறான்” என்று ஏசுகிறவர்கள், பந்தல் வாசலில் மேசை போட்டு எழுதும் மொய் நோட்டைப் புரட்டிப் பார்த்ததில்லை போலும். அது ஒரு பாங்குப் பேரேடு. பல ஆண்டுகளாகப் பிறர் வீட்டு விசேஷங்களில் ஐந்நூறும் ஆயிரமுமாகச் செய்தது, ஒரே நாளில் மொத்தமாகத் திரும்பி வருகிறது. ஈடு காட்டப் பத்திரம் இல்லாதவனுக்கு, மகளின் படிப்புச் செலவுக்கோ பழைய கடனை அடைக்கவோ மொத்தத் தொகை கிடைக்க வேறு வழி ஏது? வாங்கிய மொய்யைத் திருப்பிச் செய்யாதவன் தெருவில் தலைநிமிர்ந்து நடக்க முடியாது. பொறுப்பு என்பது இதுவன்றி வேறென்ன? (பிளெக்ஸ் பலகையில் கைக்குழந்தைக்குக் கறுப்புக் கண்ணாடி மாட்டிப் படம் போடுவதை நான் ஆதரிக்கவில்லை, அது வேறு கதை.)

தவறான முடிவுகளும் எடுக்கிறார்கள்; மறைப்பானேன்? காய்க்காலம் முடிந்து பங்குனி, சித்திரையில் வேலை குறையும்போது வாரவட்டிக்கு வாங்குகிறார்கள். அதை அடைக்க இன்னொரு வாரவட்டி. கணக்குத் தெரிந்தவர் செய்யும் காரியமா இது? விழுப்புரம், திருவண்ணாமலைப் பகுதிக் கரும்பு விவசாயிகள் 464 பேரிடம் நடத்திய ஓர் ஆய்வு 2013-இல் ‘சயின்ஸ்’ இதழில் வெளியானது. அறுவடைக்கு முன், கை வறண்டிருந்தபோது ஒரு முறை; அறுவடைக்குப் பின், பணம் வந்தபோது ஒரு முறை; அதே ஆட்களுக்கு அதே வகை அறிவுச் சோதனை. பணமுடையில் தடுமாறியவர்களே பணம் வந்த பின் நன்றாகச் செய்தார்கள். ஆள் மாறவில்லை, மடிதான் நிறைந்திருந்தது. அறிவில்லாததால் வறுமை என்றிருந்தோம். வறுமையே அறிவின் இடத்தை அடைத்துக்கொள்கிறது என்கிறார்கள் அந்த ஆய்வாளர்கள்.

இன்னொன்றும் கேட்கத் தோன்றுகிறது. 2018 வெள்ளத்துக்கும் அடுத்து வந்த வறட்சிக்கும் பிறகு காய்வரத்து குறைந்து, 2019 ஆகஸ்டில் புற்றடி ஏலத்தில் ஒரு கிலோ 7,000 ரூபாய் வரை போயிற்று. அந்த விலை நிலைக்கும் என்று நம்பிக் கடன் வாங்கித் தோட்டம் போட்டவர்களும் குத்தகை எடுத்தவர்களும் உண்டு. 2022-இல் சராசரி விலை ஆயிரத்துக்கும் கீழே கிடந்தது. கையைச் சுட்டுக்கொண்ட அவர்களைப் பற்றி ஊர் என்ன பேசிற்று? ‘மார்க்கெட் சரியில்லை’ என்றது. வாரவட்டிக்கு வாங்கிய கூலிக்காரிக்கு மட்டும் ‘ஊதாரி’ என்ற பட்டம்! நாளையைக் கணிக்கத் தவறியதில் இருவருக்கும் என்ன வேற்றுமை?

குடியை மட்டும் என்னால் நியாயப்படுத்த முடியாது. மனைவி மலையிலிருந்து கொண்டுவந்த கூலியைப் பிடுங்கிக்கொண்டு போகிறவனுக்கு எந்தப் பொருளாதாரமும் வக்காலத்து வாங்க வேண்டாம். அவனிடம் பொறுப்பைக் கேட்கத்தான் வேண்டும். முதல் உரிமை அந்த மனைவிக்கு. 2003 முதல் சில்லறைக் கடையையும் தானே நடத்தி, 2022–23-இல் மட்டும் 44,000 கோடி ரூபாய்க்கு மேல் மது வருவாய் கண்ட அரசுக்கு அவ்வுரிமை எவ்வளவு உண்டு என்பதை எங்கள் துறை ஆசிரியப் பெருமக்கள் வகுப்பில் விளக்கினால் நல்லது.

ஏழைக்குப் பொறுப்பில்லை என்று முடிவு கட்டும் பழக்கம் கல்லூரிக்குள்ளும் இருக்கிறது. காய்க்காலத்தில் எங்கள் பக்கத்து மாணவர் சிலர் வாரத்தில் ஒன்றிரண்டு நாள் வகுப்பில் இருக்க மாட்டார்கள், ஜீப்பில் இருப்பார்கள். பருவத் தேர்வு நெருங்கும்போது, வருகை குறைந்தோர் பட்டியலில் அவர்கள் பெயர் ஒட்டப்படுகிறது. அதற்கான கட்டணத்தைச் செலுத்த மறுபடியும் மலைக்குப் போகிறார்கள். அந்த நாளுக்கும் ‘ஆப்சென்ட்’ விழுகிறது. அடுத்த பட்டியலை ஒட்டுவதற்கு முன், ஒவ்வொருவரையும் தனியே அழைத்து, ‘எங்கே போயிருந்தாய்?’ என்று மட்டும் கேட்கும்படி முதல்வர் அவர்களைப் பணிவுடன் வேண்டுகிறேன்.