மழையும் தோணியும் போதுமா?



நம் பழைய மாணவர் குழுவில் ஒரு வாரமாக ஒரே பேச்சு. "மலையாளத்துக்காரன் நாலு ஓட்டு வீடு, ஒரு தோணி, கொஞ்சம் மழையை வச்சே படம் எடுத்துடுறான் சார். எல்லாம் இயல்பா அமைஞ்சிடுது!"

நானும் அந்தப் படங்களைப் பார்க்கிறவன்தான். ஆனால் இந்தப் பாராட்டு எனக்கு எரிச்சல் மூட்டுகிறது. எதுவும் தானாக அமைவதில்லை, பிள்ளைகளே.

‘செம்மீன்’ 1965இல் வந்தது. அதற்கு முன்பே தகழி அந்தக் கடற்கரையை நாவலாக எழுதிவிட்டார். ஊரும் அதைப் படித்திருந்தது. படிப்பதற்கு நூலகம் இருந்தது. பி.என். பணிக்கர் என்னைப் போல ஒரு வாத்தியார்தான். 1945இல் 47 சிறு நூலகங்களை ஒன்று சேர்த்து ஓர் இயக்கத்தையே தொடங்கினார். 1965இல் அடூர் கோபாலகிருஷ்ணனும் நண்பர்களும் திருவனந்தபுரத்தில் ‘சித்ரலேகா’ திரைப்படச் சங்கத்தை ஆரம்பித்தார்கள். வாசகனும் பார்வையாளனும் உருவானது இப்படித்தான்.

மண்ணைக் காட்டுவது என்றால் திருவிழாவைப் படம் பிடிப்பது என்று நினைக்கிறீர்கள். 1973இல் எம்.டி. வாசுதேவன் நாயர் ‘நிர்மால்யம்’ எடுத்தார். வறுமையில் நொந்துபோன வெளிச்சப்பாடு, கடைசியில் அம்மன் சிலை மீதே ரத்தத்தைத் துப்புகிறான். பண்பாட்டுக்குள் நின்றுகொண்டே அதைக் கேள்வி கேட்ட படம் அது.

அதற்காகக் கேரளத்தைத் தலையில் தூக்கி வைத்து ஆடவும் வேண்டாம். மலையாளத்தின் முதல் படமான ‘விகதகுமாரன்’ எடுத்த ஜே.சி. டேனியல் நம் அகஸ்தீஸ்வரத்துக்காரர். அதில் நாயர் பெண்ணாக நடித்த பி.கே. ரோசி தலித் பெண். அந்த ஒரே குற்றத்துக்காக அவரைத் திருவனந்தபுரத்தை விட்டே துரத்தினார்கள். அதுவும் அதே மண்ணின் பண்பாடுதான். 2024இல் வெளியான ஹேமா குழு அறிக்கையைப் படித்தவர்களுக்குத் தெரியும், பெண்கள் பட்ட பாடு இன்னும் பழங்கதையாகவில்லை.

ஆகவே கைதட்டுங்கள், தாராளமாக. ஆனால் ‘இயல்பு’ என்ற ஒற்றைச் சொல்லில் ஒரு சமூகத்தின் உழைப்பையும் பாவத்தையும் சேர்த்து மூடிவிடாதீர்கள்.

இனி வீட்டுப்பாடம். உங்கள் ஊர் நூலகத்துக்குக் கடைசியாக எப்போது போனீர்கள்? கீழே எழுதுங்கள். பொய் எழுதினால் எனக்குத் தெரிந்துவிடும், பழைய பழக்கம்.

அன்புடன்,
உங்கள் தமிழ் ஐயா