கீரைக்கடையில் தொடங்கும் பாடம்

வெளிநாட்டுப் பயணம் மேற்கொள்ளும் நம்மவர்களுக்கு இப்போதெல்லாம் கோயிலும் கடற்கரையும் மட்டும் போதுவதில்லை. அவ்வூர்ச் சமையலையும் ஒருநாள் கற்றுவர விரும்புகின்றனர். வியட்நாமில் இவ்வழக்கம் வேரூன்றிவிட்டது. ஹனோய், ஹோய் ஆன், ஹோ சி மின் நகரம் என எங்குச் சென்றாலும் அரைநாள் சமையல் வகுப்புகள் நடைபெறுகின்றன. சில வகுப்புகள் நேரே அடுப்பருகில் தொடங்கும். சில வகுப்புகள் காலையில் உள்ளூர்ச் சந்தையில் தொடங்கி, நண்பகலில் அடுப்பருகே வந்து சேரும். சந்தையோடு கூடிய வகுப்புக்குக் கட்டணம் சற்று மிகுதி. அந்த மிகுதித் தொகையைச் சேமித்துவிட்டதாகச் சிலர் எங்களிடம் பெருமையாகச் சொன்னதுண்டு. அவர்கள் சேமித்தது பாடத்தை; செலவழித்தது மதிய உணவுக்கு. இதுவே எங்கள் துணிபு.

பெங்களூரு காக்ஸ் டவுனில் முப்பது ஆண்டுகளுக்கு மேலாகக் குடியிருக்கும் கணவன் மனைவியர் நாங்கள். சென்ற நவம்பரில் ஹோ சி மின் நகரம் சென்றிருந்தோம். ஊர்மக்கள் இன்னமும் அதனைச் சைகோன் என்றே பேச்சில் வழங்குகின்றனர். வகுப்பு காலை ஏழரை மணிக்குப் பென் தான் சந்தையின் வாயிலில் தொடங்கியது. மணிக்கூண்டோடு நிற்கும் அச்சந்தைக் கட்டடம் 1914-இல் திறக்கப்பட்டது. ஆசிரியை எங்களுக்குச் சமையற்குறிப்பு எதனையும் தரவில்லை. ஆளுக்கொரு கூடையும் சிறிது பணமும் தந்தார். ஐந்து பொருள்களின் பெயரை வியட்நாமிய மொழியில் சொல்லக் கற்பித்தார். வாங்கிவருமாறு அனுப்பிவிட்டார்.

முதலில் திகைப்பாக இருந்தது. கீரைக்கடை முன்பு நின்றதும் திகைப்பு வியப்பாயிற்று. புதினாவும் கொத்தமல்லியும் எங்கும் உள்ளவை. அவற்றுக்கு அருகில் திருநீற்றுப்பச்சிலை கட்டுக்கட்டாகக் கிடந்தது. நம் ஊரில் மாடத்தில் வளர்ப்பதும், அதன் விதையைச் சப்ஜா என்று கோடைக்காலப் பானங்களில் இடுவதும் வழக்கம். அவர்கள் அதன் இலையை உணவுத் தட்டில் பச்சையாகவே வைக்கின்றனர். விதையை நம்மைப் போலவே பானத்தில் சேர்க்கின்றனர். வல்லாரையை அரைத்து, சர்க்கரை சேர்த்துக் குளிர்பானமாக விற்கின்றனர். வாழைப்பூவை மெல்லிழையாய் நறுக்கிப் பச்சையாகப் பரிமாறுகின்றனர். ஒரு மூலையில் வெள்ளை அகத்திப்பூக் குவியலைக் கண்டோம். மேக்கோங் ஆற்றுப்படுகையில் அதனைப் புளிப்புச் சாற்றில் இடுவர் என்று ஆசிரியை விளக்கினார். அகத்தியைத் துவாதசிக்கும் பசுமாட்டுக்கும் மட்டும் உரியதென்று ஒதுக்கிவைத்த எங்களுக்கு அது ஒரு மெல்லிய குட்டு.

மீன் பகுதியில் பாடம் மேலும் தீவிரமாயிற்று. செவுளைத் திறந்து பார்க்கச் சொன்னார். சிவப்பாக இருக்கிறதா, பழுப்பேறிவிட்டதா? கண் தெளிவாக உள்ளதா, குழிந்துவிட்டதா? விரலால் அழுத்தினால் சதை மீண்டெழுகிறதா? எங்களில் ஒருவரின் தாயார் நாகப்பட்டினத்தில் வாழ்நாள் முழுவதும் செய்துவந்த செயல் இது. அவருடைய பிள்ளை அதனை மூவாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால், பணம் கட்டி, மொழிபெயர்ப்பின் துணையோடு கற்றுக்கொண்டது. இதை எழுதச் சற்று வெட்கமாகத்தான் இருக்கிறது.

வங்கி இதழில் எழுதுகிறோம் என்பதால் பணத்தைப் பற்றியும் ஒரு சொல். நாங்கள் சென்றபோது ஒரு ரூபாய்க்கு ஏறத்தாழ 300 டாங் கிடைத்தது. ஆகவே கையிலுள்ள ஒவ்வொரு தாளிலும் சுழியங்கள் வரிசை கட்டி நிற்கும். 20,000 டாங் தாளும் 5,00,000 டாங் தாளும் இரண்டுமே நீலச்சாயல் கொண்டவை. முன்னதன் மதிப்பு எழுபது ரூபாய்க்கும் குறைவு. பின்னது ஆயிரத்து அறுநூறு ரூபாய்க்கு மேல். கீரை வாங்கிய இடத்தில் சிறிய தாள் என்றெண்ணிப் பெரிய தாளை நீட்டினோம். கடைக்கார அம்மையார் அதனை எங்கள் கண்ணருகே உயர்த்திக் காட்டி, சிரித்து, எங்கள் கையிலேயே திணித்துவிட்டார். எல்லாக் கடையிலும் இப்படி நேரும் என்று நம்பியிருக்க வேண்டாம். இரண்டு தாள்களையும் பணப்பையின் வெவ்வேறு அறைகளில் வைப்பதே அறிவுடைமை. சந்தைக்குச் சிறு தொகைத் தாள்களாகக் கொண்டுசெல்வது மேலும் நல்லது.

சந்தையோடு கூடிய வகுப்புகள் அனைத்தையும் நாங்கள் பரிந்துரைக்கவில்லை. நாங்கள் கூடையுடன் அலைந்துகொண்டிருந்தபோதே பன்னிரண்டு பேர் கொண்ட வேறொரு குழு வந்தது. வழிகாட்டி முன்னே ஒரு சிறு கொடியைப் பிடித்துக்கொண்டு சென்றார். குழுவினர் தவளையையும் உயிர்மீனையும் படமெடுத்தனர். மூக்கைப் பொத்திக்கொண்டனர். குறுகிய நடைவழியில் நின்று, வாங்க வந்த இல்லத்தரசிகளுக்கு வழியை அடைத்தனர். கால் மணி நேரத்தில் அகன்றனர். ஒருவரும் ஒரு கொத்துப் புதினாகூட வாங்கவில்லை. விற்பவர்களின் முகத்தில் எரிச்சல்கூடத் தோன்றவில்லை. பழகிப்போன சலிப்பே தெரிந்தது. பிழைப்பிடத்தைக் காட்சிக்கூடமாக்கும் இத்தகைய உலாவுக்குப் பணம் தருவதைவிட நேரே அடுப்பருகே சென்றுவிடுவது நேர்மையானது. எனவே பதிவு செய்யுமுன் ஒரே ஒரு கேள்வியைக் கேளுங்கள்: சந்தையில் பொருள்களை வாங்குவது யார், மாணவர்களா, வழிகாட்டியா? விடையில் தயக்கம் தெரிந்தால் வேறு வகுப்பைத் தேடலாம்.

அடுப்படியில் கற்றவற்றை விரித்துரைக்கத் தேவையில்லை. கான் சுவா என்னும் புளிப்புச் சாற்றில் புளி, தக்காளி, வெண்டைக்காய், அன்னாசி, விரால்மீன் ஆகியன சேர்ந்தன. நம் புளிக்குழம்புக்குத் தூரத்து உறவு எனலாம். பான் செயோ என்பது அரிசி மாவில் மஞ்சளும் தேங்காய்ப்பாலும் கலந்து வார்ப்பது. மாவு கல்லில் விழும்போது எழும் ஓசையே அதன் பெயர் என்றார்கள். அதனைக் கீரையிலைகளில் சுருட்டி, மீன்சாறு, எலுமிச்சை, சர்க்கரை, பூண்டு, மிளகாய் கலந்த நீரில் தோய்த்து உண்கின்றனர். நெத்திலியையும் உப்பையும் மரத்தொட்டியில் பல மாதங்கள் ஊறவைத்து வடிப்பதே அந்த மீன்சாறு. பார்வைக்குத் தெரியாமல் ஏறக்குறைய எல்லா உணவிலும் அது கலந்திருக்கும். சைவ உணவினர் முன்கூட்டியே 'சாய்' என்னும் சொல்லைச் சொல்லிவிட வேண்டும். அங்கே பௌத்தர் பலர் சந்திர மாதத்தின் முதல் நாளிலும் பதினைந்தாம் நாளிலும் புலால் தவிர்க்கின்றனர். ஆகவே அச்சொல்லுக்கு அங்கே மதிப்புண்டு. மீன் இல்லாத சாறும் சந்தையிலேயே விற்கப்படுகிறது.

மற்றோர் உணவு எங்களை நெடுநேரம் பேசவைத்தது. கோழியைத் தேங்காய்ப்பால், எலுமிச்சைப்புல், சர்க்கரைவள்ளிக்கிழங்கு, மசாலைப்பொடி ஆகியவற்றோடு கொதிக்கவைத்து, பிரெஞ்சு ரொட்டியோடு தந்தனர். பெயர் 'கா ரி'. கறி என்ற நம் சொல்லே அது. பிரெஞ்சு ஆட்சிக்காலத்தில் புதுச்சேரியிலிருந்தும் காரைக்காலிலிருந்தும் அரசுப் பணியாளர்கள் சைகோனுக்குச் சென்றனர். நகரத்தார் வட்டித்தொழிலும் வரவுசெலவும் நடத்தினர். தமிழ் முஸ்லிம்கள் துணிக்கடை வைத்தனர். பென் தான் சந்தையிலிருந்து சில நிமிட நடையில் மாரியம்மன் கோயில் இருக்கிறது. வகுப்பு முடிந்து அங்குச் சென்றபோது, ஊதுவத்தியை இருகைகளாலும் உயர்த்தி வணங்கியவர்கள் பெரும்பாலும் வியட்நாமியர்களாகவே இருந்தனர். தமிழர் பலரும் 1954-க்குப் பின்னரும் 1975-ஐ ஒட்டியும் அந்நாட்டை விட்டு நீங்கிவிட்டனர். வியட்நாமியப் பெண்களை மணந்து திரும்பிய புதுச்சேரிக் குடும்பங்களில் அரிசித்தாள் சுருள் இன்றும் வீட்டுப் பலகாரம். வரலாற்று நூல்களில் பத்தி பத்தியாகப் படித்திருந்தும், ஒரு கிண்ணத்தில் ரொட்டியைத் தோய்த்தபோதுதான் அது எங்களுக்கு உறைத்தது.

ஊர் திரும்பியதும் உறவினர்களுக்குச் சமைத்துக்காட்ட ஆசை வந்தது. முதல் எண்ணம், கைப்பேசியில் எல்லாவற்றையும் வரவழைத்துவிடலாம் என்பதே. அரிசித்தாளும் மீன்சாறும் அவ்வாறே வந்தன. கீரைகளோ நெகிழிப் பெட்டிக்குள் வாடி, கருகி, வாசனையிழந்து வந்தன. விலை மட்டும் வாடவில்லை. வேறு வழியின்றிக் காக்ஸ் டவுன் மார்க்கெட்டுக்கு நடந்தோம். எங்கள் வீட்டிலிருந்து எட்டு நிமிட நடை. கடைசியாக எப்போது உள்ளே சென்றோம் என்று ஒருவரையொருவர் கேட்டுக்கொண்டோம். இருவருக்கும் நினைவில்லை.

1809-இல் கண்டோன்மென்ட் அமைந்தபோது சென்னை மாகாணத்திலிருந்து படையோடு வந்தவர்களும் படைக்குப் பணிசெய்ய வந்தவர்களும் கொணர்ந்த தமிழ் இப்பகுதியில் இன்றும் வழங்குகிறது. மார்க்கெட்டில் அதனைக் கன்னடமும் உருதும் கலந்து கேட்கலாம். கீரை விற்கும் அம்மாளிடம் எலுமிச்சைப்புல் கேட்டோம். விளங்கவில்லை. மணத்தையும் இலையின் நீளத்தையும் கையசைவால் விளக்கினோம். “ஓ, மஜ்ஜிகே ஹுல்லா?” என்றார். கன்னடத்தில் அதன் பெயர் அதுதான். மோர்ப்புல் என்று பொருள்படும். “அதெல்லாம் இப்போ யார் சார் கேக்குறாங்க? முன்னே தினமும் கொண்டாருவேன்,” என்றும் சொன்னார். வாழைப்பூ இருந்தது. புதினா, கொத்தமல்லி, வெண்டை, அன்னாசி, முளைகட்டிய பயறு அனைத்தும் அங்கேயே கிடைத்தன. திருநீற்றுப்பச்சிலையைப் பூக்கடையில் கண்டோம். விரால் இல்லை, வஞ்சிரத்தின் செவுளைத் திறந்து பார்த்து வாங்கினோம். மீன்காரர் எங்களைப் புதிதாய்ப் பார்த்தார்.

இங்கே எங்கள் கருத்தைச் சற்று அழுத்தமாகவே சொல்ல விரும்புகிறோம். அயல்நாட்டுச் சந்தையைப் பண்பாட்டு அனுபவம் என்று கட்டணம் செலுத்திக் காண்கிறோம். நம் தெருமுனைச் சந்தையைச் சேறு, நெரிசல், வண்டி நிறுத்த இடமில்லை என்று தள்ளிவிடுகிறோம். பென் தானிலும் தரை ஈரமாகத்தான் இருந்தது. வாங்குவோர் குறைந்தால் விற்போர் முதலில் நிறுத்துவது அரிதாகக் கேட்கப்படும் பொருள்களையே. எலுமிச்சைப்புல் அப்படித்தான் நின்றது. அகத்திப்பூவையும் வாழைத்தண்டையும் அவ்வழியே இழந்துவிடக்கூடும். முழங்கால் வலியுடைய முதியோரும், இரவுப்பணி முடிந்து வரும் இளையோரும் வீட்டுக்கே பொருள்களை வரவழைப்பதில் குற்றமேதும் இல்லை. நாங்கள் இருவரும் அவ்விரு வகையிலும் சேராதவர்கள். எங்களுக்கு அந்தச் சாக்கு இல்லை.

அந்த அம்மாள் எங்களிடம் ஒரு நிபந்தனை விதித்தார். “சனிக்கிழம கொண்டாரேன். ஆனா நீங்க கண்டிப்பா வரணும். போன தடவ ஒருத்தங்க சொல்லிவெச்சுட்டு வரவே இல்ல, மாட்டுக்குத்தான் போட்டேன்.” ஒப்புக்கொண்டோம். ஐந்து சனிக்கிழமைகள் தவறாமல் சென்றோம். ஆறாவது வாரம் வேலூரில் ஒரு திருமணம், சொல்ல மறந்துவிட்டோம். அடுத்த சனிக்கிழமை எங்களைக் கண்டதும், ஈரத்துணியில் சுற்றிவைத்திருந்த பழைய கட்டையும் புதிய கட்டையும் ஒன்றாக எடுத்துப் பையில் இட்டு, இரண்டுக்கும் சேர்த்து விலை சொன்னார். பேரம் பேசாமல் கொடுத்துவிட்டு வந்தோம்.