யாரோட சாவு, யாரோட கதை?



போன மாதம் நம்ம வாசகர் வட்டத்துக்கு வந்த ஒரு கல்லூரி மாணவர் கையில் ஒரு நாவல் இருந்தது. ஜான் பாய்ன் எழுதி 2006-இல் வெளிவந்த 'கோடுபோட்ட பைஜாமா போட்ட பையன்'. 2008-இல் படமாகவும் வந்தது. "ராத்திரி பூரா தூங்கலண்ணே, அழுதுகிட்டே படிச்சேன்" என்றார். யூத மக்களை நாஜிகள் கொன்று குவித்த வரலாற்றை அவர் அந்த ஒரு புத்தகத்தில்தான் தெரிந்துகொண்டிருக்கிறார். "யாருக்காக அழுதீங்க தம்பி?" என்று கேட்டோம். கொஞ்ச நேரம் யோசித்தார். "அந்த ஜெர்மன் பையனுக்காகத்தான்" என்றார்.

தம்பியைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. அவர் உண்மையைச் சொன்னார். அந்த நாவல் கட்டப்பட்டிருக்கும் விதம் அப்படி. கொலை முகாமின் தளபதிக்கு ஒன்பது வயதில் ஒரு மகன். முள்வேலிக்கு அந்தப்பக்கம் அதே வயதில் ஒரு யூதப் பையன். ரெண்டு பேரும் வேலியோரம் உட்கார்ந்து நாள்கணக்காகப் பேசுகிறார்கள். கடைசியில் தளபதி மகன் வேலிக்கு அடியில் புகுந்து உள்ளே போய், விஷவாயு அறையில் சேர்ந்து சாகிறான். கதை முடியும்போது நம் கண் முன்னால் நிற்பது மகனைப் பறிகொடுத்த தளபதி வீட்டுத் துக்கம். யூதப் பையனைப் பெற்றவர்கள் எங்கே? அவர்களுடைய துக்கம் எந்தப் பக்கத்தில் இருக்கிறது? தேடிப் பாருங்கள்.

வரலாறு வேறு மாதிரி. ஆஷ்விட்ஸுக்குக் கொண்டுவரப்பட்ட பிள்ளைகள் சுமார் 2 லட்சத்து 32 ஆயிரம். அதில் 2 லட்சத்து 16 ஆயிரம் யூதப் பிள்ளைகள். பெரும்பாலோரை ரயிலை விட்டு இறக்கியதுமே விஷவாயு அறைக்கு ஓட்டினார்கள். வேலை செய்ய லாயக்கில்லாத உடம்புக்கு அங்கே சோறு கிடையாது, நாளும் கிடையாது. வேலியில் மின்சாரம் ஓடியது, கோபுரத்தில் துப்பாக்கி நின்றது. வேலியோரம் உட்கார்ந்து கதை பேச எந்தப் பிள்ளைக்கு வாய்த்தது? இந்த வரலாற்றைப் படிப்பவர்களும் கற்பிப்பவர்களும் அந்த நாவலைத் தவிர்க்க வேண்டும் என்று ஆஷ்விட்ஸ் நினைவு அருங்காட்சியகமே 2020-இல் சொன்னது.

"அது ஒரு நீதிக்கதைதானே, இவ்வளவு கணக்குப் பார்க்கணுமா?" என்று கேட்பார்கள். நீதிக்கதை என்றால் யாருக்கு நீதி? கொன்றவன் வீட்டுக்குள் ஒரு அப்பாவியைத் தேடிப் பிடித்து, அவனை நடுவில் உட்காரவைத்து, செத்த லட்சக்கணக்கான பேரைச் சுற்றிலும் நிழலாக நிறுத்துவது என்ன நீதி?

செத்தவர்கள் வாயில்லாப் பூச்சிகளா? தங்கள் கதையைத் தாங்களே எழுதவில்லையா? எழுதினார்கள். வார்சா நகரத்துக்குப் போவோம்.

1940 நவம்பரில் வார்சாவில் யூதர்கள் வாழ்ந்த பகுதியைச் சுற்றி மதிலெழுப்பி நாஜிகள் அடைத்தார்கள். உள்ளே 4 லட்சத்துக்கும் மேற்பட்ட மக்கள். கெட்டோ என்று அதற்குப் பெயர். பசியிலும் டைபஸ் காய்ச்சலிலும் 80 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் தெருவிலும் வீட்டிலும் செத்தார்கள். அந்த மதிலுக்குள் இம்மானுவேல் ரிங்கல்பிளம் என்ற வரலாற்று ஆசிரியர் ஒரு ரகசியக் குழுவைக் கூட்டினார். பள்ளி ஆசிரியர், எழுத்தாளர், மத குரு, பொருளாதாரம் படித்தவர் என்று சுமார் 60 பேர். சனிக்கிழமைகளில் கூடியதால் 'ஓனெக் ஷபெஸ்' என்று பெயர் வைத்துக்கொண்டார்கள். ஓய்வுநாள் மகிழ்ச்சி என்று பொருள். பேரைக் கேட்டால் பஜனைக் கூட்டம் மாதிரி இருக்கும். செய்த வேலை, மாட்டினால் உயிர் போகிற வேலை.

என்ன சேர்த்தார்கள்? நாட்குறிப்பு, கடிதம், பள்ளிப் பிள்ளைகளின் கட்டுரை, ரேஷன் அட்டை, டிராம் டிக்கெட், மிட்டாய் சுற்றின காகிதம், தெருவில் சொல்லிச் சிரித்த நையாண்டி, சுவரில் ஒட்டின அறிவிப்பு. பெரிய மனிதரின் வரலாறு மட்டும் வரலாறு இல்லை என்று அன்றைக்கே தெரிந்து வைத்திருந்தார்கள். ஹெல்ம்னோ கொலை முகாமிலிருந்து தப்பி வந்த ஒருவரின் வாக்குமூலத்தை 1942 தொடக்கத்திலேயே எழுதி வாங்கி, தலைமறைவு இயக்கத்தின் மூலம் வெளியுலகுக்குச் சேதி அனுப்பினார்கள். உலகம் சாவகாசமாகக் கேட்டுக்கொண்டது.

இன்னொன்றைத் தோழர்கள் கவனிக்க வேண்டும். அவர்கள் தங்கள் சனத்தின் அசிங்கத்தையும் எழுதினார்கள். சொந்த மக்களைப் பிடித்துக் கொடுத்த யூதப் போலீஸ், லஞ்சம் வாங்கின கவுன்சில்காரர்கள், தெருவில் பிள்ளைகள் செத்துக் கிடக்கும்போது உணவு விடுதியில் விருந்து சாப்பிட்ட பணக்காரர்கள், எல்லாம் அதில் உண்டு. கெட்டோவில் பெண்களின் பாட்டைத் தனியாக விசாரித்து எழுத ஸெஸிலியா ஸ்லபகோவாவிடம் பொறுப்பு கொடுக்கப்பட்டது. எதிரி படிப்பானே என்று பயந்து எதையும் மூடி மறைக்கவில்லை.

1942 ஜூலை 22-இல் ரயில்கள் புறப்படத் தொடங்கின. செப்டம்பருக்குள் சுமார் 2 லட்சத்து 65 ஆயிரம் பேரைத் திரெப்ளிங்காவுக்குக் கொண்டுபோய்க் கொன்றார்கள். ஆகஸ்ட் தொடக்கத்தில், தெருவில் ஆள்பிடி நடந்துகொண்டிருந்தபோதே, நோவோலிப்கி தெரு 68ஆம் எண்ணில் இருந்த பள்ளிக்கூடத்தின் நிலவறையில் பத்து தகரப் பெட்டிகளைப் புதைத்தார்கள். குழி தோண்டின இளைஞர்கள் இருவர் தங்கள் மரண சாசனத்தையும் எழுதி உள்ளே வைத்தார்கள். அதில் ஒருவருக்கு வயது 19. நம்ம மாணவத் தோழர்களின் வயசு. 1943-இல் அதே இடத்தில் இரண்டு பால் கேன்கள் புதைந்தன. 1944 மார்ச்சில் பதுங்கு குழியில் பிடிபட்டு ரிங்கல்பிளமும் மனைவியும் சிறுவனான மகனும் கொல்லப்பட்டார்கள். குழுவில் உயிரோடு மிஞ்சியவர்கள் மூன்றே பேர்.

அந்த மூவரில் ஒருவர் ராஹெல் அவுர்பாக். கெட்டோவில் ஏழைகளுக்குக் கஞ்சித்தொட்டி நடத்தியவர். திரெப்ளிங்காவில் 18 நாள் கிடந்து தப்பி வந்த ஆபிரகாம் க்ஷெபிட்ஸ்கியின் வாக்குமூலத்தை உட்கார்ந்து எழுதியெடுத்தவர். சொன்னவர் 1943 ஏப்ரல் எழுச்சியில் செத்துப்போனார். எழுதியவர் பிழைத்தார். போர் முடிந்ததும், இடிபாட்டுக்கடியில் நம்ம எழுத்து கிடக்கு, தோண்டுங்க என்று ஆட்களை விடாமல் நச்சரித்தார். 1946 செப்டம்பரில் தகரப் பெட்டிகள் கிடைத்தன. 1950 டிசம்பரில் பால் கேன்கள் கிடைத்தன. இரண்டிலும் சேர்ந்து சுமார் 35 ஆயிரம் பக்கங்கள். 1999-இல் யுனெஸ்கோ அதை உலக நினைவுப் பதிவேட்டில் சேர்த்தது.

இப்போது கற்பனைக்கு வருவோம். அதே 1950-இல், பால் கேன்கள் கிடைப்பதற்கு முன்பே, அமெரிக்கப் பத்திரிகையாளர் ஜான் ஹெர்சி 'சுவர்' என்ற நாவலை வெளியிட்டார். ஹெர்சி யூதர் இல்லை. மிஷனரி குடும்பத்துப் பிள்ளை. யித்திஷ் தெரியாது. மொழிபெயர்ப்பாளர்களை வைத்துச் சாட்சிகளின் எழுத்தைப் படிக்கவைத்துக் கேட்டார். நாவலை யார் சொல்வது என்று வந்தபோது, கெட்டோவுக்குள் இருந்து குறிப்பெழுதுகிற ஒரு யூத ஆவணக்காரரின் குரலில் சொன்னார். வெளியாள் எழுதின நாவலுக்குள்ளும் சாட்சிதான் நடுவில் உட்கார்ந்திருக்கிறார்.

யூரெக் பெக்கர் வேறு ரகம். வூட்ஜ் கெட்டோவில் குழந்தையாக இருந்து, பிறகு முகாம்களில் கிடந்து பிழைத்தவர். ஆனால் அந்த நாட்களின் ஞாபகம் அவருக்கு இல்லை. ஞாபகத்தையே பறிகொடுத்த பிள்ளைக்குக் கற்பனையை விட்டால் வேறு என்ன இருக்கிறது? கெட்டோவில் ரகசியமாக ரேடியோ வைத்திருந்த ஒரு வீரரைப் பற்றி அப்பா சொன்னார். பெக்கர் 1969-இல் எழுதின 'பொய்யன் யாக்கோப்' நாவலில் வருபவரிடம் ரேடியோ கிடையாது. இருக்கிறது என்று பொய் சொல்லி, ருஷ்யப்படை வருது வருது என்று சனங்களுக்கு நம்பிக்கை கொடுக்கிற ஒரு சாதாரண ஆள். நாஜியை நல்லவனாக்காமல், செத்தவர்களைத் தெய்வமாக்காமல் ஒரு கதை.

மூன்றாவது, ஜான் பிரான்சுவா ஸ்டைனர். அப்பா யூதர், நாஜி முகாமில் செத்தவர். 1966-இல் பிரெஞ்சில் 'திரெப்ளிங்கா' என்ற புத்தகத்தை நாவல் நடையில் எழுதினார். சிமோன் த பொவ்வா முன்னுரை கொடுத்தார். ஏகப் புகழ். ராஹெல் அவுர்பாக் கொதித்துப் போனார். உயிர் தப்பியவர்களின் நிஜப் பெயரைப் போட்டு, அவர்கள் பேசாத பேச்சையும் செய்யாத செயலையும் ஏற்றிவிட்டார், யூதர்கள் சாவுக்குத் தாங்களே ஒத்துழைத்தார்கள் என்பது போல எழுதிவிட்டார் என்று எதிர்த்தார். திரெப்ளிங்காவில் இருந்து பிழைத்தவர்களும் சேர்ந்துகொண்டார்கள். பிற்பாடு வந்த பதிப்புகளில் பெயர்களை மாற்ற வேண்டி வந்தது.

தலித் அல்லாதவர் தலித் இலக்கியம் எழுதலாமா என்று நம்ம பக்கங்களிலும் மேடைகளிலும் எவ்வளவு சண்டை போட்டிருக்கிறோம்! அந்தக் கேள்வியை நாம் கைவிடப் போவதில்லை. ஆனால் மேலே சொன்ன மூன்று பேரையும் வைத்துப் பாருங்கள். வெளியாள் சாட்சிக்குக் கட்டுப்பட்டார். உள்ளாள் கட்டுப்படவில்லை. பிறப்பைக் கேட்பதோடு நிறுத்தினால் போதாது. இந்தக் கதை எந்தச் சாட்சிக்குப் பதில் சொல்லக் கடமைப்பட்டிருக்கிறது? கதையின் நடுவில் யார் உட்கார்ந்திருக்கிறார்? படித்து முடித்ததும் யாருடைய மனசாட்சி லேசாகிறது? இந்த மூன்றையும் கேட்க வேண்டும்.

அண்ணல் அம்பேத்கர் எழுதி, அவர் மறைவுக்குப் பின் 1989-இல் மகாராஷ்டிர அரசின் தொகுப்பில் வெளிவந்த நூலுக்கு அவர் வைத்த தலைப்பு, 'தீண்டப்படாதோர் அல்லது இந்தியக் கெட்டோவின் பிள்ளைகள்'. சேரியைப் பார்த்துத்தான் அந்தச் சொல்லை எடுத்தார். இரண்டும் ஒன்று என்று நாம் சொல்லவில்லை. ஒரு இனத்தையே சில வருஷத்தில் ஆலை வைத்து அழிப்பதும், தலைமுறை தலைமுறையாக ஊருக்கு வெளியே வைத்து நசுக்குவதும் வேறு வேறு. இன்னொருத்தர் சாவை இரவல் வாங்கி நம்ம துக்கத்துக்கு எடை கூட்ட வேண்டிய அவசியம் நமக்கில்லை. அதேபோல, பாலஸ்தீன மக்கள் பக்கம் நிற்கிறவர்கள் வார்சாவில் செத்தவர்களுக்காக அழக் கூடாது என்றும் இல்லை. செத்தவர்களின் நினைவு எந்த அரசாங்கத்துக்கும் சொந்தமில்லை.

ஆனால் கேள்வி ஒன்றுதான். 1968 டிசம்பர் 25-இல் கீழ்வெண்மணியில் 44 பேரைக் குடிசையில் வைத்துக் கொளுத்தினார்கள். அதை வைத்து எழுதின 'குருதிப்புனல்' 1977-இல் சாகித்திய அகாடமி பரிசு வாங்கியது. அந்த நாவல் கொலைக்குக் காரணம் தேடிப் போனது பண்ணையாரின் ஆண்மைக் குறைவுக்குள். கூலி கேட்டவனின் வயிற்றையும் கேட்ட சாதியையும் தாண்டி, கொன்றவனின் மன நோயைப் பரிசோதிக்கிற இலக்கியம்! அங்கேயும் நடுவில் உட்கார்ந்திருப்பது தளபதி வீடுதான்.

இதைத் திட்டிக்கொண்டே இருப்பதில் பயனில்லை. மாணவத் தோழர்களே, இந்த லீவுக்கு ஊருக்குப் போகும்போது ஒரு நோட்டு எடுத்துப்போங்கள். கலவரத்தில் வீடு எரிந்ததைப் பார்த்த ஆயா இன்னும் இருக்கிறார். டீக்கடையில் தனி கிளாஸில் குடித்த பெரியப்பா இருக்கிறார். அவர்கள் சொல்கிறபடியே, அவர்கள் பேச்சிலேயே எழுதுங்கள். தேதி கேளுங்கள், பெயர் கேளுங்கள். போலீஸ் கொடுத்த காகிதம், கூலிச் சீட்டு, கிழிந்த நோட்டீஸ் எதையும் தூக்கிப் போடாதீர்கள். நம்ம தெருவுக்குள் நாமே செய்கிற அநியாயத்தையும், வீட்டில் பொம்பளைங்க வாங்குகிற அடியையும், நமக்குக் கீழே ஒருத்தரை வைத்து நாம் பார்க்கிற சாதியையும் சேர்த்தே எழுதுங்கள். கைக்கெட்டும் தூரத்தில் சாவு நின்றபோதே வார்சாவில் அதைச் செய்தார்கள். நமக்கு என்ன கேடு?

நாவல் அப்புறம் வரட்டும். யார் எழுதினாலும் இந்த நோட்டுக்கு முன்னால் வந்து பதில் சொல்லட்டும்.

அந்தத் தம்பி புத்தகத்தை வைத்துவிட்டுப் போனார். அடுத்த கூட்டத்துக்கு அவர் பாட்டியைப் பேச வைத்து எழுதிக்கொண்டு வருவதாகச் சொல்லியிருக்கிறார். வந்ததும் இதே பக்கங்களில் போடுகிறோம்.

ஜெய்பீம்!

- ஆசிரியர் குழு