இடுப்பளவில் நிற்கும் சுவர்



சென்ற மாதம் வாசகர் ஒருவர் கடிதம் எழுதியிருந்தார். பக்கத்து மனைக்காரர் வாங்கிய இடைக்காலத் தடையால் அவர் வீட்டுச் சுவர் இடுப்பளவில் நிற்கிறதாம். வாங்கிவைத்த சிமென்ட் மூட்டைகள் கல்லாக இறுகிவிட்டன. "அப்பீல் போனேன். தலையிட மாட்டோம் என்று சொல்லிவிட்டார்கள். பிறகு மேல்கோர்ட் எதற்கு?" என்று கேட்டிருந்தார். படித்துவிட்டு அன்றிரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

இந்தக் கேள்விக்கு உச்ச நீதிமன்றம் 1990-ல் சொன்ன பதில்தான் இன்றும் நிற்கிறது. வாண்டர் – ஆன்டாக்ஸ் வழக்கு. நம் சென்னை உயர் நீதிமன்றத்திலிருந்து போனது. 'கால்-டி-சி' மாத்திரையைத் தயாரிக்க 1986-ல் ஆன்டாக்ஸுடன் ஒப்பந்தம் போட்ட வாண்டர், பின்னர் அதை முறித்துக்கொண்டு வேறு நிறுவனத்திடம் வேலையைக் கொடுத்தது. ஆன்டாக்ஸ் தடை கேட்டது. தனி நீதிபதி மறுத்தார். இரு நீதிபதிகள் அமர்வு தடையை வழங்கியது. உச்ச நீதிமன்றம் அமர்வின் உத்தரவை ரத்து செய்தது. 'நான் அந்த இடத்தில் இருந்திருந்தால் வேறு மாதிரி முடிவெடுத்திருப்பேன்' என்பது தலையிடக் காரணமாகாது. கீழ் நீதிமன்றம் மனம்போனபடி நடந்திருக்க வேண்டும், அல்லது நிலைபெற்ற சட்ட நெறிகளைப் புறக்கணித்திருக்க வேண்டும் என்றது.

எனக்கு இது நியாயமாகவே படுகிறது. சாட்சி விசாரணையே தொடங்காத நேரத்தில், ஆவணங்களை மட்டும் வைத்து எடுக்கிற முடிவுதான் இடைக்காலத் தடை. அதை மேலே மேலே கொண்டுபோய் மறுபடி மறுபடி எடைபோட்டால் மூல வழக்கு எப்போது நகரும்?

அதற்காக மேல் நீதிமன்றம் கைகட்டி நிற்கக் கூடாது. காரணமே எழுதாத உத்தரவை விட்டுவைக்கலாமா? எதிர்த் தரப்பைக் கேட்காமல் தடை கொடுத்தால், அந்த மனுவை 30 நாளில் முடிக்க முயல வேண்டும் என்கிறது உரிமையியல் விசாரணை முறைச் சட்டம். அப்படி முடிக்காமல் இழுத்தால், மனு நிலுவையில் இருந்தாலும் பாதிக்கப்பட்டவர் மேல்முறையீடு செய்யலாம் என்று 2000-ல் தமிழ்நாட்டு வழக்கு ஒன்றில் உச்ச நீதிமன்றம் சொன்னது. பலருக்கு இது தெரியாது, தெரிந்துவைத்துக்கொள்ளுங்கள்.

கடிதம் எழுதிய நண்பர் தன் வழக்கின் உத்தரவு நகலையும் அனுப்பியிருந்தார். இரு தரப்பையும் கேட்டு, வழக்கறிஞர் ஆணையர் அளந்த வரைபடத்தையும் பார்த்து, காரணங்களோடு எழுதிய உத்தரவு. மனம் கனத்தாலும், மேல்முறையீட்டில் சொன்னது சரி என்றே அவருக்கு எழுதினேன். மூல வழக்கைச் சீக்கிரம் விசாரிக்கக் கேட்டு மனு போடச் சொல்லியிருக்கிறேன். சுவர் எழும்பும் நாளில் ஒரு வரி எழுதுங்கள் என்றும் கேட்டிருக்கிறேன்.

அன்புடன்,
ஆசிரியர்