ராய்ச்சூரில் நான் பார்க்காத சூரிய கிரகணம்

மதுரையிலிருந்து பேரன் வந்திருந்தான். நாலு வயசு. எல்.கே.ஜி. வந்ததும் வராததுமாக ஒன்பது கிரகத்தையும் ஒப்பிக்கிறேன் பேர்வழி என்று ஆரம்பித்து எட்டிலேயே நிறுத்திவிட்டான். "ஒன்பதாவது எங்கடா?" என்றேன். "எட்டுதான் தாத்தா, உங்களுக்குத் தெரியாதா?" என்றான். சரிதான். 2006-ல் புளூட்டோவை அந்தப் பட்டியலிலிருந்து எடுத்துவிட்டார்கள், நான்தான் மறந்துபோனேன்.

"சரி, இதில் எதையாவது நீ பார்த்திருக்கியா?" என்று கேட்டேன். "யூடியூப்ல பார்த்திருக்கேன்" என்றான்.

இந்தப் பதிவு அந்தப் பதிலால் வந்தது. ஆனால் விஷயத்தைச் சொல்ல நான் 1980-க்குப் போக வேண்டும்.

அப்போது எனக்கு 23 வயது. வங்கியில் கிளார்க்காகச் சேர்ந்து, முதல் போஸ்டிங் கர்நாடகாவில் ராய்ச்சூர். கன்னடம் தெரியாது, சோளரொட்டி பிடிக்காது, வெயிலைப் பற்றிச் சொல்லவே வேண்டாம். ஒரு வயதான அம்மாள் வீட்டில் மாடி அறையை வாடகைக்கு எடுத்து, நானும் தார்வாட்காரன் ஒருவனும் தங்கியிருந்தோம். பிப்ரவரி 16, சனிக்கிழமை. அன்றைக்கு முழு சூரிய கிரகணம். சந்திரனின் நிழல் அரபிக் கடலோரம் கரையேறி, ஹூப்ளி, ராய்ச்சூர் வழியாக ஆந்திராவுக்குள் போய், ஒரிசாவில் பூரி, கொனாரக் பக்கம் கடலில் இறங்கியது. அதைப் பார்ப்பதற்கென்றே வெளிநாட்டிலிருந்தெல்லாம் விஞ்ஞானிகள் பெட்டி பெட்டியாகச் சாமான்களோடு வந்து இறங்கியிருந்தார்கள். நான் எங்கேயும் போக வேண்டியதில்லை. மாடிப்படி பதினாலு ஏறினால் போதும்.

நான் ஏறவில்லை.

நாலு நாள் முன்னால் அம்மாவிடமிருந்து இன்லண்ட் லெட்டர் வந்திருந்தது. "அன்றைக்கு வெளியில் தலை காட்டாதே. ஜன்னலைச் சாத்து. தர்ப்பையைத் தண்ணீரில் போட்டு வை." ராய்ச்சூரில் தர்ப்பைக்கு நான் எங்கே போவேன்? மற்ற இரண்டையும் செய்தேன். வீட்டுக்கார அம்மாளும் கீழே கதவை அடைத்துவிட்டார். தார்வாட்காரன் மட்டும் ஏதோ கறுப்புக் கண்ணாடியைத் தூக்கிக்கொண்டு மொட்டை மாடிக்குப் போனான். "வாப்பா" என்று இரண்டு தடவை கூப்பிட்டான். தலைவலி என்று சொல்லிப் படுத்துக்கொண்டேன்.

மத்தியானம் மூணே முக்கால் இருக்கும். கதவுக்கு அடியில் ஒரு வெளிச்சக்கோடு தெரியும் பாருங்கள், அது மங்கி மங்கி, திடீரென்று இல்லாமல் போயிற்று. தெருவில் சத்தம் நின்றது. வேப்பமரத்துக் காக்கைகள் கூடு திரும்புகிற மாதிரி கத்தி அடங்கின. இரண்டு நிமிஷத்துக்கு மேல் அந்த இருட்டு இருந்தது. பிறகு, யாரோ சுவிட்சைப் போட்டதுபோல, கோடு திரும்ப வந்தது.

தார்வாட்காரன் இறங்கி வந்தபோது அவன் முகத்தைப் பார்த்தேன். வழக்கமாக ஓயாமல் பேசுகிறவன், கட்டிலில் உட்கார்ந்து கொஞ்ச நேரம் ஒன்றுமே சொல்லவில்லை. அப்புறம், "பட்டப்பகலில் நட்சத்திரம் பார்த்தேன்" என்றான். அது நட்சத்திரம் இல்லை, வெள்ளிக் கிரகம் என்று பல வருஷம் கழித்துப் படித்துத் தெரிந்துகொண்டேன். ஆனால் அவன் பார்த்தான். நான் கதவிடுக்கைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

ஒரே ஊரில் ஒரு முழு சூரிய கிரகணம் வந்தால், அதே இடத்தில் அடுத்தது வர சராசரியாக 370 வருஷத்துக்கு மேல் ஆகும் என்று கணக்கு. என் மாடிக்கே வந்ததை நான் விட்டுவிட்டேன்.

அம்மாவைக் குறை சொல்லமாட்டேன். பிள்ளை தூரதேசத்தில் இருக்கிறான், ஏதாவது ஆகிவிடக் கூடாது என்கிற கவலை. அந்தக் கவலைக்குள் ஒரு உண்மையும் இருக்கிறது. சூரியனை வெறும் கண்ணால் பார்த்தால் விழித்திரை வெந்துபோகும். விழித்திரைக்கு வலி தெரியாது என்பதால் வெந்துபோவதும் தெரியாது. மறுநாள் பார்வையின் நடுவில் ஒரு மங்கல் விழுந்த பிறகுதான் தெரியும். ஆனால் இது கிரகணத்தன்று மட்டும் வருகிற விஷக்கதிர் ஒன்றும் இல்லை. நேற்று மத்தியானம் பார்த்தாலும் இதேதான். மற்ற நாளில் கூச்சம் நம்மைப் பார்க்க விடாது, கிரகணத்தன்று ஆசை பார்க்க வைக்கும். வித்தியாசம் அவ்வளவுதான். அப்படியிருக்க, கண்ணைக் காப்பாற்றச் சொல்ல வேண்டிய இடத்தில் நாம் ஆளையே பூட்டி வைக்கிறோம்.

இதில் எனக்கு ஆச்சரியமான ஒன்று உண்டு. கிரகணம் எத்தனை மணிக்குப் பிடிக்கும், எத்தனை மணிக்கு விடும் என்று பஞ்சாங்கத்தில் நிமிஷக் கணக்காகப் போட்டிருப்பார்கள். அதை நம்புகிறோம். அந்தக் கணக்கு எப்படி வந்தது? சூரியன் வானத்தில் போவதாகத் தெரிகிற பாதையும் சந்திரனின் பாதையும் ஒன்றுக்கொன்று சுமார் 5 டிகிரி சாய்ந்தவை. இரண்டும் வெட்டிக்கொள்கிற புள்ளிகள் இரண்டு. அவற்றுக்குத்தான் ராகு, கேது என்று பெயர். அந்தப் புள்ளியின் அருகே அமாவாசை வந்தால் சூரிய கிரகணம், பௌர்ணமி வந்தால் சந்திர கிரகணம். மற்ற அமாவாசைகளில் சந்திரன் சற்று மேலேயோ கீழேயோ போய்விடும், அதனால்தான் மாதாமாதம் கிரகணம் இல்லை. இது நிழல் விளையாட்டு என்று ஆரியபடர் சுமார் 1500 வருஷத்துக்கு முன்பே எழுதிவிட்டார். பஞ்சாங்கம் கணிக்கிறவருக்குப் பாம்பு தேவையில்லை, புள்ளி போதும். பாம்பை நாம்தான் இன்னும் வளர்த்துக்கொண்டிருக்கிறோம்.

கோயில் நடை சாத்துவதிலோ, விட்ட பிறகு குளிப்பதிலோ எனக்குச் சண்டை இல்லை. நானே குளிக்கிறேன். குழந்தைகளைப் பூட்டுவதில்தான் சண்டை.

2010-ல் இன்னொரு வாய்ப்பு வந்தது. ஜனவரி 15, தனுஷ்கோடி பக்கம் பத்து நிமிஷம் வளைய கிரகணம். அன்றைக்கு மாட்டுப் பொங்கல், வீடு நிறைய விருந்தாளிகள். அதுவும் போயிற்று.

பிறகு 2019 டிசம்பர் 26. இந்தத் தடவை நிழல் ஊட்டி, கோயம்புத்தூர், கரூர், எங்கள் திண்டுக்கல், புதுக்கோட்டை என்று நம் ஊர்கள் வழியாகவே வந்தது. நான் ஓய்வு பெற்றாயிற்று, கிரகணக் கண்ணாடியும் நாலு வாங்கி வைத்தாயிற்று. அரையாண்டு லீவுக்குப் பேத்தி வந்திருந்தாள், ஏழு வயசு. எல்லாம் கூடி வந்த மாதிரி இருந்தது. ஆனால் முதல் நாள் ராத்திரி முழுக்க டி.வி.யில் எந்த ராசிக்காரர்கள் ஜாக்கிரதையாக இருக்க வேண்டும் என்று ஓடிக்கொண்டிருந்தது. காலையில் மருமகள், "வேண்டாம் மாமா, எதுக்கு ரிஸ்க்? சின்னக் குழந்தை" என்றாள். என் மனைவியும் அவள் பக்கம். நான் வாயைத் திறக்கவில்லை. வீட்டில் சண்டை வேண்டாம் என்று நினைத்தேன். இன்றைக்கு யோசித்தால், ராய்ச்சூரில் தலைவலி என்று சொன்னேனே, அதே கோழைத்தனம்தான்.

தனியாக மொட்டை மாடிக்குப் போனேன். ஒன்பதரை மணி சுமாருக்கு, கண்ணாடி வழியாக, ஆரஞ்சு நிறத்தில் ஒரு வளையல். அவ்வளவு திருத்தமான வட்டத்தை நான் பார்த்ததே இல்லை. வெளிச்சம் வெயிலாகவும் இல்லை, மேகமாகவும் இல்லை. பக்கத்து வீட்டு முருங்கை மரத்தின் நிழலைப் பார்த்தால், இலைச் சந்துகளில் விழுந்த ஒவ்வொரு பொட்டும் ஒரு குட்டி வளையம். சுவர் முழுக்க வளையங்கள். கீழே ஜன்னல் பின்னாலிருந்து பேத்தியின் குரல்: "தாத்தா, முடிஞ்சிடுச்சா?"

அந்தச் சுவரைப் பார்க்க எந்தக் கண்ணாடியும் வேண்டாம். சூரியனுக்கு முதுகைக் காட்டி நின்றால் போதும். அதையாவது அவளுக்குக் காட்டியிருக்கலாம்.

அன்றைக்கு வீட்டுக்குள் நடந்தது என்ன தெரியுமா? தாம்பாளத்தில் தண்ணீர் ஊற்றி உலக்கையை நிறுத்தினார்களாம். நின்றதாம். கிரகணம் என்பதால் நின்றதாம். அடுத்த வாரம் ஒரு சாதாரண நாளில் அதே உலக்கையை நான் நிறுத்திக் காட்டினேன். அன்றும் நின்றது. அடிப்பாகம் தட்டையாக இருந்தால் அது என்றைக்கும் நிற்கும். மனைவி, "அன்னைக்கு நின்னது வேற மாதிரி" என்று சொல்லிவிட்டாள். நாற்பது வருஷத் தாம்பத்தியத்தில் எந்த இடத்தில் நிறுத்திக்கொள்ள வேண்டும் என்பது எனக்குத் தெரியும்.

பேரனுக்கு நான் என்ன சொல்லிக் கொடுத்தேன் என்பதையும் எழுதிவிடுகிறேன். வாசலில் ஒரு மீட்டர் அகலத்தில் ஒரு வட்டக் கோலம் போடச் சொன்னேன். அது சூரியன். பூமி எது? ஒரு கொண்டைக்கடலை. அதை வைக்க வேண்டிய இடம் நூறு மீட்டருக்கு மேல் தள்ளி, எங்கள் தெருமுனை டீக்கடை. சந்திரன் ஒரு கடுகு, கொண்டைக்கடலையிலிருந்து ஒரு சாணுக்குக் கொஞ்சம் கூட. வியாழன் ஒரு பெரிய மாதுளம்பழம், அரைக் கிலோமீட்டருக்கு அப்பால். கடலையையும் கடுகையும் எடுத்துக்கொண்டு இரண்டு பேரும் டீக்கடை வரை நடந்தோம். அங்கிருந்து திரும்பிப் பார்த்தால் கோலம் இத்தனூண்டு. கடுகைக் கண்ணுக்குச் சற்று முன்னால் பிடித்தால் கோலத்தை மறைத்துவிடும். சூரியன் சந்திரனைவிட 400 மடங்கு பெரியது, சுமார் 400 மடங்கு தூரத்தில் இருக்கிறது, அதனால் இரண்டும் நமக்கு ஒரே அளவாகத் தெரிகின்றன. தூரம் கொஞ்சம் கூடக் குறைய மாறுவதால் சில சமயம் கடுகு முழுக்க மறைக்காது, ஓரத்தில் கோலம் தெரியும். வளைய கிரகணம் என்பது அதுதான்.

"மத்த நட்சத்திரம் எங்க தாத்தா வைக்கிறது?" என்றான். இந்தக் கேள்வியை நான் எதிர்பார்க்கவில்லை. வீட்டுக்கு வந்து கணக்குப் போட்டேன். அடுத்த நட்சத்திரம் என்றால் இன்னொரு கோலம், 28,000 கிலோமீட்டருக்கு அப்பால். பூமியைவிட்டு வெளியே போனால்தான் அதை வைக்க முடியும்.

அன்று ராத்திரி மாடியில் வியாழனைக் காட்டினேன். மினுக்காமல் நின்று ஒளிர்ந்தால் பெரும்பாலும் கிரகம், மினுக்கினால் நட்சத்திரம் என்றேன். நட்சத்திரம் அவ்வளவு தூரத்தில் வெறும் புள்ளி என்பதால் காற்று அசைந்தால் அதுவும் அசையும். கொஞ்ச நேரம் பார்த்துவிட்டு, "இது யூடியூப்ல பெரிசா இருக்கும்" என்றான். பரவாயில்லை. பார்த்தான்.

இனி விஷயத்துக்கு வருகிறேன். 2031 மே 21, புதன்கிழமை. கொச்சி, தேனி, மதுரை, காரைக்குடி, வேதாரண்யம், யாழ்ப்பாணம் வழியாக இன்னொரு வளைய கிரகணம். பகல் ஒரு மணி வாக்கில், சூரியன் ஏறக்குறைய தலைக்கு மேல் இருக்கும்போது. கோடை விடுமுறை வேறு. மகன் வீடு மதுரையில். பேரனுக்குப் பத்து வயது, பேத்திக்குப் பத்தொன்பது. எனக்கு 74 ஆகும், இருந்தால்.

உங்கள் வீட்டிலும் அந்த வயதில் யாராவது இருப்பார்கள். தரமான கிரகணக் கண்ணாடி, அல்லது 14-ஆம் நம்பர் வெல்டிங் கண்ணாடி வாங்குங்கள். கரி பூசிய கண்ணாடி, எக்ஸ்ரே ஃபிலிம், மஞ்சள் கலந்த தண்ணீர் எதுவும் வேண்டாம். ஒன்றுமே கிடைக்காவிட்டால் சமையலறையிலிருந்து இட்லித்தட்டை எடுத்து, அதன் துளை வழியாக வெயிலைத் தரையில் விழவிட்டு, தரையைப் பாருங்கள்.

மருமகளிடம் போன வாரம் பேசிவிட்டேன். இந்தத் தடவை முழுசாகப் பேசினேன், ராய்ச்சூர் கதையிலிருந்து. பொறுமையாகக் கேட்டாள். "இன்னும் எவ்வளவு வருஷம் இருக்கு மாமா, இப்பவே எதுக்கு?" என்றாள். பிறகு, "அன்னைக்கு அவ ரொம்ப அழுதா, உங்ககிட்ட சொல்லல" என்றாள்.

கண்ணாடி நாலு வாங்கினேன் அல்லவா, ஒன்றுதான் உபயோகமாயிற்று. மற்ற மூன்றும் பீரோவில் இருக்கின்றன. கீறல் இருந்தால் ஆகாது, பழசானாலும் ஆகாது என்கிறார்கள். 2031-க்குப் புதிதாக ஐந்து வாங்க வேண்டும்.