மந்திரி ஆகாமலேயே ஜெயித்த மனிதர்

நார்வே என்றதும் நம்மில் பலருக்கு ஞாபகம் வருவது எரிக் சொல்ஹெய்ம்தான். இலங்கைப் பேச்சுவார்த்தை நடந்த காலத்தில் தமிழ்ப் பத்திரிகைகளில் தினமும் அடிபட்ட பெயர். நான் இன்று எழுதப்போவது இன்னொரு நார்வேக்காரரைப் பற்றி. பெயர் கார்ல் ஈவார் ஹாகன். இங்கே அதிகம் பேர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். ஆனால் பிழைப்புக்காக ஊர் விட்டு ஊர் வந்தவர்கள் தெரிந்துகொள்ள வேண்டிய ஆள் என்பது என் கருத்து.

முதலில் கொஞ்சம் பூர்வகதை. 1973 ஏப்ரலில் ஆஸ்லோவில் ஒரு சினிமா தியேட்டரில் ஆண்டர்ஸ் லாங்கே என்பவர் ஒரு கட்சி ஆரம்பித்தார். கட்சியின் பெயரே அரைப்பக்கம் வரும். வரி, தீர்வை, அரசுத் தலையீடு எல்லாவற்றையும் பலமாகக் குறைக்க வேண்டும் என்பதுதான் பெயர், கொள்கையும் அதுவே! டிவி விவாதத்தில் பைப் புகைத்துக்கொண்டு, முட்டை மது குடித்துக்கொண்டே பேசியவர் அவர். அந்த வருடத் தேர்தலில் 5 சதவீத ஓட்டும் 4 இடங்களும் கிடைத்தன. அடுத்த வருடமே இறந்துபோனார். அவருடைய இடத்துக்கு நாடாளுமன்றம் போனவர்தான் ஹாகன். அதுவரை ஒரு பிரிட்டிஷ் சர்க்கரை கம்பெனியின் நார்வே கிளைக்கு மேலாளர். அப்போது வயது 30.

1977-ல் கட்சிக்கு 'முன்னேற்றக் கட்சி' என்று புதுப்பெயர் வைத்தார்கள். அந்தத் தேர்தலில் ஓர் இடம்கூடக் கிடைக்கவில்லை. அடுத்த வருடம் ஹாகன் தலைவரானார். 2006 வரை, 28 வருடம், அவரேதான் தலைவர். பூஜ்யத்தில் கிடந்த கட்சி 2005 தேர்தலில் 22 சதவீத ஓட்டும் 38 இடங்களும் வாங்கி நாட்டின் இரண்டாவது பெரிய கட்சியானது. இத்தனைக்கும் அவர் ஒருநாள்கூட மந்திரியாக இருந்ததில்லை.

ஆள் கெட்டிக்காரர், சந்தேகமே இல்லை. 1985 தேர்தலில் ஆளும் கூட்டணிக்கு 78 இடம், இடதுசாரிகளுக்கு 77, ஹாகன் கட்சிக்கு வெறும் 2. அந்த இரண்டை வைத்தே 1986-ல் ஆட்சியைக் கவிழ்த்தார். காரணம் பெட்ரோல் வரி. வலதுசாரி பிரதமர் வில்லோக் வரியை ஏற்றப் பார்த்தார். ஹாகன் முடியாது என்றார். வில்லோக் போய் தொழிற்கட்சியின் குரோ ஹார்லம் புருண்ட்லண்ட் பிரதமரானார். வலதுசாரிகள் பல்லைக் கடித்தார்கள். சாதாரண வாக்காளருக்கோ, 'சொன்ன சொல்லைக் காப்பாற்றுகிறவர்' என்று மனதில் பதிந்துவிட்டது.

அடுத்த வருடம் நடந்ததுதான் முக்கியமான விஷயம். 1987 உள்ளாட்சித் தேர்தல் பிரசாரத்தில் ஹாகன் ஒரு கடிதத்தை மேடையில் வாசித்தார். முஸ்தபா என்ற பெயரில் வந்த கடிதம். நார்வே ஒருநாள் முஸ்லிம் நாடாகும், கொடியிலிருக்கும் சிலுவையும் போய்விடும் என்கிற ரீதியில் இருந்தது. கடிதம் போலி என்று பத்திரிகை கண்டுபிடித்தது. அந்தப் பெயர்கொண்ட நிஜமான மனிதர் வழக்குப் போட்டார். நீதிமன்றத்துக்கு வெளியே சமரசமாக முடிந்தது. ஆனால் ஓட்டு? மாவட்டத் தேர்தலில் 12 சதவீதம். இரண்டு வருடம் கழித்து 1989-ல் நாடாளுமன்றத்தில் இரண்டு இடம் 22 ஆனது. கடிதம்தான் ஒரே காரணம் என்று சொல்ல மாட்டேன். ஆனால் பொய் அம்பலமானதால் அவர் எதையும் இழக்கவில்லை என்பது மட்டும் நிச்சயம். வரி எதிர்ப்புக் கட்சி, வெளியாட்கள் எதிர்ப்புக் கட்சியாகவும் ஆனது இந்தக் காலகட்டத்தில்தான். 1994 மாநாட்டுச் சண்டையில் தாராளவாதிகள் பலர் வெளியேறினார்கள். அதன்பின் கட்சி அந்தப் பாதையில்தான் போனது.

ஒன்றை நியாயமாகச் சொல்ல வேண்டும். வேலைக்காக வருகிறவர்களுக்கு நார்வே 1975-லேயே கதவைச் சாத்திவிட்டது. சாத்தியபோது ஆட்சியில் இருந்தது தொழிற்கட்சி. ஆக, 'வெளியாள் வேண்டாம்' என்பது ஹாகனின் கண்டுபிடிப்பு இல்லை. அதை மேடைப்பேச்சாக, ஓட்டாக மாற்றியதுதான் அவர் செய்தது. முதியோர் இல்லத்தில் இடமில்லை, ஆஸ்பத்திரியில் காத்திருக்க வேண்டியிருக்கிறது, எண்ணெய்ப் பணமோ நிதியாகக் குவிந்து கிடக்கிறது. இது நியாயமான கேள்விதான். வருங்காலத் தலைமுறைக்காகச் சேமிக்க வேண்டும் என்று மற்ற கட்சிகள் பதில் சொன்னார்கள். சரியான பதில்தான், ஆனால் வரிசையில் நிற்கும் பாட்டிக்கு அது பதிலாகுமா? அந்த இடைவெளியில் ஹாகன் நுழைந்தார். பாட்டிக்குக் கிடைக்காதது அகதிக்குக் கிடைக்கிறது என்று கணக்கு காட்டினார். பாதி நியாயத்தோடு பாதி விஷத்தைக் கலந்தால் விழுங்குவது சுலபம்.

அவர் போட்ட விதை பிற்பாடு முளைத்தது. அவருக்குப் பின் தலைவரான சீவ் யென்சன் 2009-ல் 'பதுங்கி வரும் இஸ்லாமியமயம்' என்ற சொல்லைப் புழக்கத்தில் விட்டார். 2013-ல் கட்சி முதல்முறையாக ஆட்சியில் சேர்ந்தது, யென்சன் நிதி மந்திரியானார். 2015-ல் அகதிகள் பெருகி வந்தபோது கடுமையான விதிகளுக்குப் பெரும்பாலான கட்சிகள் ஒப்புக்கொண்டன. 2020-ல் கட்சி ஆட்சியை விட்டு வெளியேறியது. 2025 தேர்தலில் சுமார் 24 சதவீதத்தோடு மறுபடி இரண்டாம் இடம். இப்படிப்பட்டவர்களை ஒதுக்கி வைக்காமல் பொறுப்பு கொடுத்தால் அடங்கிவிடுவார்கள் என்று ஒரு வாதம் உண்டு. ஓரளவு உண்மை. ஆட்சியில் இருந்தபோது நினைத்ததையெல்லாம் அவர்களால் செய்ய முடியவில்லை. ஆனால் அவர்கள் அடங்கிய அளவுக்கு மற்றவர்கள் அவர்கள் பாஷையைக் கற்றுக்கொண்டார்கள். என் கணக்கில் ஹாகன் ஜெயித்தது இங்கேதான்.

சரி, இதில் நமக்கு என்ன?

பம்பாய்த் தமிழர்களுக்குச் சொல்லவே வேண்டாம். 1960-களில் சிவசேனை கிளம்பியபோது முதல் குறி தென்னிந்தியர்கள்தான். மாதுங்காவிலும் தாராவியிலும் இருந்த பெரியவர்கள் அந்த நாட்களை மறந்திருக்க மாட்டார்கள். 2008-ல் அதே ஊரில் இன்னொரு சேனை வட இந்தியர்களை அடித்தபோது, "நம்மைச் சொல்லவில்லையே சார், அவங்களும் கொஞ்சம் ஓவர்தான்" என்று நம்மவர்களே பேசியதைக் கேட்டிருக்கிறேன். படித்தவர்கள், நல்லவர்கள். எனக்கு அதுதான் பயமாக இருக்கிறது. முன்னால் வந்தவன் பின்னால் வருகிறவனைப் பார்த்து முகம் சுளிப்பது எல்லா ஊரிலும் நடக்கிறது. ஹாகன் மாதிரி ஆட்களுக்கு இதைவிட நல்ல சான்றிதழ் வேறு வேண்டாம். 'நாங்கள் உழைக்கும் வெளியாட்கள், அவர்கள்தான் மோசம்' என்று நாமே சொல்லிக் கொடுத்துவிடுகிறோம். குறி நேற்று நம் மேல் இருந்தது, இன்று இல்லை. நாளைக்கு யார் மேல் என்பது நம் கையில் இல்லை.

நார்வேத் தமிழர்களின் கதையும் இதுதான். வடகோடியில் மீன் ஆலைகளில் வேலை பார்த்து முன்னுக்கு வந்தவர்கள். யாழ்ப்பாணத்தில் பிறந்து, குழந்தையாக நார்வே போனவர் கம்ஷாஜினி குணரத்னம். 2011 ஜூலையில் உத்தேயா தீவில் தொழிற்கட்சி இளைஞர்கள் சுடப்பட்டபோது நீந்தித் தப்பியவர். அன்று 77 பேரைக் கொன்றவன் ஒரு காலத்தில் முன்னேற்றக் கட்சியில் உறுப்பினராக இருந்து விலகியவன். அதற்காகக் கட்சியைக் குற்றவாளியாக்க முடியாது, கூடாது. ஆனால் அவன் சுட்டபோது, இவர் வேலை செய்கிற குடும்பமா, நல்ல குடியேறியா என்று கேட்டுவிட்டுச் சுடவில்லை.

கம்ஷாஜினி 2015-ல் ஆஸ்லோவின் துணை மேயரானார். 2021-ல் நாடாளுமன்றத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார். அதே தேர்தலில், 77 வயதில், ஹாகனும் மறுபடி ஜெயித்து அதே சபைக்கு வந்தார்! ஜனநாயகம் என்றால் அதுதான். ஹாகனை யாரும் வாயை மூடச் சொல்லவில்லை. அவர் போகவேண்டாம் என்று சொன்ன பாதையில் வந்த ஒரு பெண் அவர் இருந்த சபையிலேயே உட்கார்ந்தார்.

நம் பிள்ளைகள் வெளியூரில் பிறந்து, அந்த ஊர் பாஷையை நம்மைவிட நன்றாகப் பேசுகிறார்கள். அவர்களுக்கு இரண்டு விஷயம் சொல்லிக் கொடுத்தால் போதும். வரிசையில் நிற்கும் பாட்டியின் குறை நிஜம், அதைக் கேலி செய்யாதே. அந்தக் குறைக்குக் காரணம் நேற்று ரயிலில் வந்து இறங்கியவன்தான் என்று யாராவது சொன்னால், கடிதத்தைக் காட்டச் சொல். யார் எழுதியது என்று கேள்.