சத்தத்தை அணைத்துவிட்டுச் சிரியுங்கள்

வெண்ணந்தூர் விசைத்தறிக் கூடங்களில் பக்கத்தில் நிற்பவரிடம் ஒரு சேதி சொல்லவே கை, கண், புருவம் மூன்றும் வேண்டும். அங்கே செல்போனில் ஒரு காமெடி சீனை ஓடவிடுங்கள். வசனம் காதில் விழாது. அப்போதும் சிரிப்பு வந்தால் அது அசல் சரக்கு.

ஊமைப்படக் கோமாளிகள் இந்தப் பரீட்சையில் தேறியவர்கள். 1914 என்ற ஒரே வருஷத்தில் சார்லி சாப்ளின் கீஸ்டோன் கம்பெனிக்காக முப்பதுக்கும் மேற்பட்ட குறும்படங்களில் நடித்தார். உதை, ஓட்டம், சறுக்கல். கேமராவைக் கையால் சுற்றிய காலம். கொஞ்சம் மெதுவாகச் சுற்றினால் திரையில் ஓட்டம் வேகம் பிடிக்கும். வேகம் மட்டும் போதாது என்று சாப்ளின் சீக்கிரமே கண்டுகொண்டார். 1916-இல் வந்த ‘ஒன் ஏ.எம்.’ படத்தில், குடித்துவிட்டு வீடு திரும்பும் கனவான் மாடிப்படியோடும் மடக்குக் கட்டிலோடும் மல்லுக்கட்டுகிறார். ஏறக்குறையப் படம் முழுக்க அவர் ஒருவர்தான். இந்த முறை கட்டில் தன்னைக் கவிழ்க்காது என்று அவர் ஒவ்வொரு தடவையும் நம்புகிறாரே, அங்கேதான் சிரிப்பு.

நம்மூரில் 1905-இலேயே சாமிக்கண்ணு வின்சென்ட் புரொஜெக்டரோடு கிளம்பி, ஊர் ஊராகக் கூடாரம் அடித்துப் படம் காட்டினார். 1931-இல் முதல் தமிழ்ப் பேசும்படமான ‘காளிதாஸ்’ வந்தது. நாடக மேடையிலிருந்து வந்த தமிழ் சினிமா அன்று திறந்த வாயை மூடவே இல்லை. (1935-இல் மாடர்ன் தியேட்டர்ஸ் தொடங்கிய எங்கள் சேலத்துக்கும் அதில் பங்குண்டு.)

தப்பியவர்கள் சிலர். சந்திரபாபுவின் உடம்பில் எலும்பு உண்டா என்றே சந்தேகம் வரும். ‘காதலிக்க நேரமில்லை’யில் (1964) நாகேஷ் திகில் கதை சொல்வதைச் சத்தமில்லாமல் பாருங்கள்; கேட்டுக்கொண்டிருக்கும் பாலையாவின் முகமே போதும்.

கவுண்டமணி செந்திலை உதைப்பது மட்டும் எனக்கு இன்றும் உறுத்துகிறது. கீஸ்டோன் காலத்தில் சாப்ளினும் கண்டவரையெல்லாம் உதைத்தவர்தான். போகப்போக ஆள் பார்த்து, போலீஸ்காரரையும் தொப்பை முதலாளியையும் உதைக்கப் பழகினார். இங்கே உதை இளைத்தவன் மேலேயே விழுந்துகொண்டிருந்தது. அதைத் திருப்பியவர் வடிவேலு. ‘வின்னர்’ (2003) கைப்புள்ள வாங்கும் ஒவ்வொரு அடியும் அவருடைய வீறாப்புக்கு விழுகிற அடி. அந்த நடைக்கு வசனமே வேண்டாம்.

இப்போது இரண்டு பேர் நின்ற இடத்தில் நின்று மாறி மாறி ‘கவுன்ட்டர்’ கொடுக்கிறார்கள். எடுத்த சீன் சிரிக்க வைக்காவிட்டால் டப்பிங்கில் இன்னொரு வரியைச் சேர்க்கிறார்கள். சாப்ளின் ஒரே சறுக்கலைத் திரும்பத் திரும்ப எடுத்தவர். இங்கே விழுந்து பழக யாருக்குக் கால்ஷீட் இருக்கிறது?

(கட்டுரையாளர், திரைப்பட வரலாற்று ஆய்வாளர்)